கார்ல் யார் வீட்டுப் பிள்ளை?

கேள்வி: 'கார்ல்' என்பது ராஜபரம்பரைப் பெயர்தானே?

பதில்: பிறப்பில் அது குடியானவன் பெயர்! பழைய ஜெர்மானிய மொழிகளில் 'ஆண்பிள்ளை' என்றுதான் பொருள்; பிரபுவும் இல்லை, அடிமையும் இல்லை, சாதாரண மனிதன். அந்தப் பெயரின் தலையெழுத்தை மாற்றியவர் ஃபிராங்க் மன்னர் கார்ல், நாம் பள்ளிக்கூடத்தில் படித்த சார்லமேன். 800ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் அன்று ரோமில் போப் மூன்றாம் லியோ அவருக்குப் பேரரசராக முடிசூட்டினார். கிழக்கே இருந்த ஸ்லாவிய மக்கள் அவர் பெயரையே 'ராஜா' என்ற சொல்லாக்கிக்கொண்டார்கள்: செக் மொழியில் 'க்ரால்', போலிஷில் 'க்ரூல்', ரஷ்யனில் 'கரோல்'. பட்டம் வாங்கிய ஆட்கள் ஏராளம். பெயரே பட்டமாகும் பாக்கியம் சீசருக்குப் பிறகு இவருக்குத்தான் இவ்வளவு பெரிதாக வாய்த்தது. 2023இல் லண்டனில் முடிசூடிய மூன்றாம் சார்லஸ் சுமப்பதும் அதே குடியானவன் பெயர்தான்.