‘ஆயிருச்சுங்க’: ஒரு கால ஆராய்ச்சி

சரக்கை விற்றவன் குறித்த காலத்தில் அதை ஒப்படைக்கத் தவறுவது பற்றி 1872ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டமும் 1930ஆம் வருஷத்துச் சரக்கு விற்பனைச் சட்டமும் விஸ்தாரமாகப் பேசியிருந்தும், கோயமுத்தூர்ப் பட்டறைகளில் அன்றாடம் வழங்கும் ‘ஆயிருச்சுங்க’ என்னும் அருஞ்சொல்லை அவை அடியோடு மறந்துவிட்டபடியால், அக்குறையை நிவர்த்திக்க இக்கட்டுரை துணிகிறது.

தாமதம் நான்கு வகைப்படும். மழையால் வருவது ஒன்று. கரண்டு போவதால் வருவது ஒன்று. ஊத்துக்குளியிலிருந்து கிரைண்டருக்குக் கல் வராததால் வருவது ஒன்று. நான்காவதே நம் ஆராய்ச்சிப் பொருள்.

தங்கையின் தைமாதக் கல்யாணச் சீருக்காகக் கிரைண்டர் ஒன்றுக்கு அச்சாரம் கொடுத்துவிட்டு, மார்கழி முழுவதும் நான் படியேறிய போதெல்லாம், பட்டறைக்காரர் எண்ணெய்க் கையைப் பனியன் வேஸ்ட்டில் துடைத்தபடியே, “ஆயிருச்சுங்க, நாளைக்கு வந்தீங்கன்னா எடுத்துக்கலாமுங்க” என்பார். அவர் காலடியில் கல்லில்லாத வெறும் தொட்டி கிடக்கும்.

இறந்தகால வினைமுற்றால் எதிர்காலத்தை உணர்த்தும் இப்பிரயோகம் பிழையன்று. விரைவு, மிகுதி, தெளிவு முதலிய காரணம்பற்றிக் காலம் மயங்கலாம் என்று நன்னூலில் பவணந்தி முனிவர் இடங்கொடுத்திருக்கிறார். சோற்றில் கைவைத்திருப்பவன் கூப்பிட்டவனிடம் ‘உண்டேன், வந்தேன்’ என்பது அவ்வழிப்பட்டதே. முனிவரைப் பெருந்துறைக்கு அருகிலுள்ள சீனாபுரத்தவர் என்று கொங்கர் உரிமை கொண்டாடுவர்; மறுக்கும் பண்டிதர்கள் ஒருமுறை கிரைண்டருக்கு அச்சாரம் கொடுத்துப் பார்க்கட்டும்.

இச்சொல்லுக்குப் பில் புத்தகமொன்றின் பின்னட்டையில், பென்சிலால் எழுதிய, ஆசிரியர் பெயர் அழிந்த பழையவுரை ஒன்றுண்டு. அதன்படி, ‘ஆயிருச்சுங்க’ எனில் கல் வந்துவிட்டது. ‘ஆனமாதிரிதானுங்க’ எனில் கல்லுக்குச் சொல்லியாயிற்று. ‘பெயிண்டு காயுதுங்க’ எனில் அச்சாரப் பணம் செலவாயிற்று. எதிர்ப்பக்கத்தில் பேனாவால் எழுதிய மறுப்புரையும், மறுப்புரையின் மேல் வட்டமான ஒரு டீக்கறையும் உள்ளன. அக்கறை மூலபாடமா இடைச்செருகலா என்றாராய்ந்து எவரேனும் டாக்டர் பட்டம் பெற்றால் வியப்பதற்கில்லை; இதனினும் சிறிய கறைகளுக்குக் கொடுத்திருக்கிறார்கள்.

சட்டமோ, காலம் ஒப்பந்தத்தின் சாரமா என்பது பேசிக்கொண்டதைப் பொறுத்தது என்றும், நாள் குறிக்காவிடில் நியாயமான காலத்துக்குள் அனுப்ப வேண்டும் என்றும், எது நியாயமான காலம் என்பது அந்தந்த வழக்கின் சங்கதி என்றும் கூறி ஒதுங்கிக்கொள்கிறது. காலம் சாரமாயினும், பிந்தி வந்ததை ஏற்றுக்கொள்ளும்போதே நஷ்டஈடு கேட்பதாக அறிவிக்காதவன் பின்னர்க் கேட்க முடியாதென்பது ஒப்பந்தச் சட்டத்தின் 55ஆம் பிரிவு. தங்கைக்கு மசக்கை தொடங்கிய பின், சித்திரை வெயிலில், வண்டியிலிருந்து கிரைண்டர் இறங்கக் கண்ட நான், பிரிவை மறந்து, “வாங்க, காப்பி குடிங்க” என்றேன். உரிமை போயிற்று.

எனினும் விற்பனைச் சட்டத்தின் 11ஆம் பிரிவு, வேறு கருத்துத் தோன்றாதவரை, பணம் செலுத்தும் காலத்தைச் சாரமாகக் கொள்வதில்லை. ஆகவே மீதித் தொகையைக் கேட்டவரிடம், தெளிவுபற்றி வந்த காலவழுவமைதியாக, “குடுத்தாச்சுங்க” என்றேன்.

இலக்கணம் படியாத அம்மனிதர் காப்பி டம்ளரைக் கீழே வைத்துவிட்டுத் திண்ணையில் சம்மணமிட்டு உட்கார்ந்துகொண்டார்.