ஆத்துப் பக்கம் தள்ளு

"பீரோவ மட்டும் செவுத்த விட்டு நகத்தி வச்சிருங்க சார், காலைல வந்துடறேன்." இவ்வளவுதான் சொன்னார் வெள்ளையடிக்கிறவர். வாசலில் கிடக்கும் செருப்பை ஓரமாக விடச் சொல்வது போலச் சொல்லிவிட்டு பைக்கை உதைத்துக்கொண்டு போய்விட்டார்.

போகிக்கு முந்தின வாரம் திட்டக்குடியில் எந்த வீட்டை எட்டிப் பார்த்தாலும் கூடத்தின் நடுவில் ஒரு பீரோ வழிமறித்துக்கொண்டு நிற்கும். அதைச் சுற்றி நாலு பேர் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நிற்பார்கள். எனக்குப் பீரோ மேல் கோபமில்லை. அந்த நாலு பேர் மேல்தான். கனமான, உடையக்கூடிய சாமானை யார் துணையும் இல்லாமல் ஒற்றை ஆளாக நகர்த்துவது எப்படி என்று இங்கே சொல்லத்தான் உட்கார்ந்திருக்கிறேன். முதுகில் தைலத்தின் எரிச்சல் இன்னும் அடங்கவில்லை. சொல்லிவிடுகிறேன்.

எங்கள் பீரோ பாட்டியின் கல்யாணச் சீர். ஒரு கதவு முழுக்க ஆளுயரக் கண்ணாடி. மரம் பர்மாத் தேக்கு, கண்ணாடி பெல்ஜியம். உங்கள் வீட்டுப் பீரோவும் அப்படித்தான் என்பது எனக்குத் தெரியும். தமிழ்நாட்டில் பழைய பீரோ இருக்கிற எந்த வீட்டிலும் தேக்கு பர்மாவைத் தவிர வேறெங்கும் முளைத்ததில்லை. பெல்ஜியம் நம் மாநிலத்தில் கால்வாசி பரப்புகூட இல்லாத நாடு. தென்னாற்காடு ஜில்லாவுக்கு மட்டும் இத்தனை கண்ணாடி அனுப்பிவிட்டு அவர்கள் எதைப் பார்த்துத் தலை வாரினார்களோ! ஆனால் இதைப் பீரோ பக்கத்தில் நின்று சொல்ல முடியாது. அத்தை காதில் விழுந்தால் பொங்கலுக்கு வரமாட்டாள்.

பீரோவின் மேல் இருந்ததை எல்லாம் இறக்கிய கதையைத் தனியாகத்தான் எழுத வேண்டும். டிவியைப் போன வருஷமே பழைய இரும்புக்காரரிடம் போட்டாயிற்று. அது வந்த அட்டைப்பெட்டியும் தெர்மாகோலும் மட்டும் பத்திரமாக இருக்கின்றன.

சரி, ஆட்கள். "ஒரு கை பிடிங்க" என்று ஊரில் இப்போது யாரைக் கூப்பிடுவது? தூக்கக்கூடிய வயசுப் பையன்கள் சென்னையிலும் திருப்பூரிலும் சிங்கப்பூரிலும் இருக்கிறார்கள். மிச்சம் இருப்பவர்களுக்கு இடுப்பு போய்விட்டது, அனுபவம் மட்டும் போகவில்லை. எதிர்வீட்டுச் சித்தப்பா கூப்பிடாமலே வந்தார். ரிட்டயர்டு வாத்தியார் ஒருவர் பேப்பர் வாங்க வந்தவர், நின்றுவிட்டார். என் பெண்டாட்டியின் பெரியமாமா வெள்ளாற்றுக்கு அக்கரையில் இருந்து கரும்பு கொண்டு வந்திருந்தார். அவரும் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டார்.

முதல் பிரச்சினை மூன்று. "ஒண்ணு, ரெண்டு, மூணுன்னதும் தூக்கணும்" என்றார் சித்தப்பா. மூணு சொல்லும்போதே தூக்குவதா, சொல்லி முடித்தபின் தூக்குவதா? இதற்கு இந்த நாட்டில் இதுவரை தீர்ப்பு வரவில்லை. நான் 'மூ'வில் தூக்கினேன். மாமா 'ணு' முடிந்து ஒரு மூச்சு விட்டுத் தூக்கினார். சித்தப்பா எண்ணிக்கொண்டிருந்ததால் தூக்கவே இல்லை. "பெல்ஜியம் கண்ணாடி, பாத்து!" என்று மட்டும் கத்தினார். வாத்தியார், நாலு வரை எண்ணினால் குழப்பம் வராது என்றார்.

அடுத்தது திசை. வலது, இடது என்று ஆரம்பித்தால் "உன் வலதா, என் வலதா" என்று கேள்வி வரும் என்பது தெரிந்ததுதான். நம் பக்கத்து ஆட்கள் கெட்டிக்காரர்கள், அடையாளம் சொல்லித்தான் தள்ளுவார்கள். "ஆத்துப் பக்கம் தள்ளு மாப்ள" என்றார் மாமா. தள்ளினேன். எங்களுக்கு ஆறு தெற்கே. மாமாவும் மூச்சைப் பிடித்துத் தள்ளினார். பிறந்ததிலிருந்து அவருக்கு ஆறு வடக்கே. பீரோ நடுவில் நின்று முனகியது.

"ஆத்துப் பக்கம்னா ஆத்துப் பக்கம் தள்ள வேண்டியதுதானே" என்றார் அவர். அதைத்தான் நானும் செய்துகொண்டிருந்தேன். வெள்ளாறு அந்தக் காலத்திலேயே தென்னாற்காட்டுக்கும் திருச்சிக்கும் எல்லை. 1993-ல் தென்னாற்காட்டைப் பிரித்து எங்களைக் கடலூர் மாவட்டம் ஆக்கினார்கள். 1995-ல் திருச்சியைப் பிரித்து அக்கரையைப் பெரம்பலூர் ஆக்கினார்கள். ஆறு யாருக்கு எந்தப் பக்கம் என்று மட்டும் ஒரு அரசாணையிலும் போடவில்லை. "கோயில் பக்கம்னு சொல்லுங்க, எல்லாருக்கும் புரியும்" என்றார் சித்தப்பா. எங்களுக்குக் கோயில் என்றால் வைத்தியநாத சுவாமி கோயில். மாமாவுக்கு அவர் ஊர் மாரியம்மன். இரண்டும் இரண்டு பக்கம். இந்த இடத்தில் வாத்தியார் உள்ளே நுழைந்தார். வெள்ளாறு எங்கே போய்க் கடலில் கலக்கிறது என்று என்னைக் கேட்டார். பரங்கிப்பேட்டை என்றேன். "அது எந்தத் திசை?" கிழக்கு. "ஆங்! அக்கரையா இருந்தாலும் இக்கரையா இருந்தாலும் கடல் கிழக்குதான். கடல் பக்கம்னு சொல்லித் தள்ளினா சண்டையே இல்ல." அருமையான யோசனை. ஆனால் பீரோ போக வேண்டியது தெற்கே. கடலைக் கும்பிட்டு நின்றால் வலக்கைப் பக்கம் தெற்கு என்றார் வாத்தியார். "உங்க வலதா, என் வலதா?" என்றார் மாமா.

இத்தனை பூகோளமும் நடக்கும்போது பீரோவின் ஒரு காலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றது நான் ஒருத்தன். மாமா எப்போதோ கையை எடுத்துவிட்டார். கண்ணாடி முன்னால் நின்று மீசையின் இடது நுனியைப் பாந்தமாக ஒதுக்கிக்கொண்டிருந்தார்.

ஆள் சேர்ந்தாலே வேலை கெடும் என்று நான் சொல்லவில்லை. சிதம்பரத்தில் ஆனியிலும் மார்கழியிலும் ஐந்து தேர் ஓடுகிறது, மூலவரான நடராஜரே ஏறி வருகிறார். வடத்தில் எத்தனை ஆயிரம் கை! ஆனால் தேர் எங்கே திரும்பும், எங்கே நிற்கும் என்பதைச் சக்கரத்தடியில் முட்டுக்கட்டையோடு குனிந்து நடக்கிற நாலைந்து பேர்தான் முடிவு செய்கிறார்கள். அவர்களிடம் போய் யாரும் "ஆத்துப் பக்கம் போடு" என்று சொல்வதில்லை. சொன்னால் காது கொடுக்க மாட்டார்கள். வந்தவாசிக்குப் பக்கத்தில் கொரக்கோட்டையில் இருந்து 2018 டிசம்பரில் ஒரு பெருமாள் சிலையை 240 சக்கர லாரியில் ஏற்றினார்கள். அது பெங்களூரு ஈஜிபுராவுக்குப் போய்ச் சேர்ந்தது 2019 ஜூனில். பாலம் தாங்கவில்லை, ரோடு போதவில்லை, கடைகள் குறுக்கே நின்றன என்றெல்லாம் காரணம் சொன்னார்கள். வழிநெடுகச் சித்தப்பாக்கள் நின்றிருப்பார்கள் என்பதுதான் என் சந்தேகம்.

ஒற்றை ஆள் சுமப்பதைப் பற்றி யோசித்தவர்கள் நம்மிடம் இருந்தார்கள். பழைய சாலையோரம் சுமைதாங்கிக் கல் பார்த்திருப்பீர்கள். இரண்டு கல்லை நட்டு, தலை உயரத்தில் குறுக்கே ஒரு பலகைக் கல். கர்ப்பத்தோடு இறந்துபோன பெண்களின் நினைவாக வைத்தவை அவற்றில் நிறைய. தலைச்சுமைக்காரர் அதில் தானாக இறக்கி வைத்து, தானாக ஏற்றிக்கொண்டு போகலாம். இறக்கிவிட ஆள் தேட வேண்டாம். அந்தக் கல் வாய் திறந்து ஒரு வார்த்தை சொல்லாது. இப்போது அதையும் சாலை அகலப்படுத்துகிறோம் என்று பிடுங்கிப் போடுகிறார்கள்.

வழிக்கு வருகிறேன். நாலு பேரையும் காபி கொடுத்து அனுப்பிவிட்டுக் கதவைத் தாழ்ப்பாள் போட வேண்டும். இதுதான் முதல் வேலை, பாதி வேலையும் இதுதான். பிறகு பீரோவைக் காலி செய்ய வேண்டும். புடவை தானே என்று விட்டுவிடக் கூடாது, பட்டுப்புடவைக்கும் எடை உண்டு. தரையில் தேய்ந்து இழுக்கிற முரண்டு கால் எத்தனை அகலம் என்பதைப் பார்த்து வருவதில்லை, எடையைப் பார்த்துத்தான் வருகிறது. பாதி எடை குறைந்தால் பாதி முரண்டு குறையும். அடுத்தது கண்ணாடி. கதவைக் கீலோடு கழற்றிவிடுவது உத்தமம். கழற்றியதைச் செங்குத்தாக நிறுத்தித்தான் எடுக்க வேண்டும். படுக்கப் போட்டுத் தூக்கினால் தன் கனத்திலேயே நடுவில் வளைந்து பிளந்துவிடும், பெல்ஜியமானாலும் சரி. மேலே பெருக்கல் குறி போல டேப் ஒட்டுகிறார்களே, அது உடையாமல் காப்பதற்கு இல்லை. உடைந்தால் சில்லு சிதறாமல் பிடித்துக்கொள்ளத்தான். கதவு கழலாவிட்டால் பூட்டிச் சாவியை எடுத்துப் பையில் போட்டுக்கொள்ள வேண்டும். சாய்க்கிற நேரத்தில் கதவு தானாகத் திறந்தால் எடை எல்லாம் ஒரு பக்கம் ஓடிவிடும்.

அப்புறம் கடப்பாரை. நுனியைக் காலடியில் கொடுத்து, கீழே மரத்துண்டு வைத்து, ஒரு விரல்கடை உயர்த்தினால் போதும், கோணிச்சாக்கை நாலாக மடித்துச் சொருகிவிடலாம். எல்லாக் காலுக்கும் சொருகிவிட்டால் எங்கள் வீட்டுச் சிவப்புக் காரைத் தரையில் பீரோ சத்தமில்லாமல் வரும். கையைக் கீழே கொடுத்துத் தள்ள வேண்டும். மேலே தள்ளினால் நகராது, கவிழும். தூக்குகிற எண்ணமே கூடாது. ஒரு ஆண் தொழிலாளி தூக்க உச்ச அளவு 55 கிலோ என்று சர்வதேசத் தொழிலாளர் அமைப்பு 1967-லேயே பரிந்துரைத்துவிட்டது. பாட்டி பீரோ காலியாகவே அதைத் தாண்டும். முழம் முழமாக நகர்த்தி, மூச்சு வாங்கி, மறுபடி நகர்த்தினால் நேரம் ஆகும், அவ்வளவுதான். எண்ண வேண்டாம். உங்களுக்கு நீங்களே மூணு சொல்லிக்கொள்ளத் தேவையில்லை.

கூடம் தாண்டியாயிற்று, அறைவாசற்படி வந்தால் என்ன செய்வது என்று கேட்பீர்கள். நானும் வாசற்படி வரை கொண்டுவந்துவிட்டேன். அப்போதுதான் கொல்லைக் கதவு வழியாகச் சித்தப்பா உள்ளே வந்தார். "தனியாவா தள்ற? ஒரு வார்த்த கூப்புட்டிருந்தா வந்திருப்பேன்ல" என்று சொல்லிவிட்டு, எதிரே ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். வாசற்படிக்குக் குறுக்கே.

பொங்கலுக்கு நீங்கள் எந்த வீட்டுக்குப் போனாலும், அங்கே ஒருத்தர் பீரோவோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தால், பெரிய மனசு பண்ணி ஒரு சொம்பு தண்ணீர் வைத்துவிட்டு வெளியே போய்விடுங்கள். கதவைச் சாத்திக்கொண்டு போங்கள்.