பில்லுக்கு ஒரு பதில்

இந்த வாரம் வந்த கடிதங்களில் பாதி, பேரங்காடி கிரெடிட் காட் பில்லைப் பற்றியவை. தீபாவளி முடிந்து ஒரு மாதம் ஆகிறது என்பதைக் காலண்டர் பார்க்காமலே தெரிந்துகொண்டேன்.

கச்சான் பூத்தே வியாபாரி, புந்தோங்
கே: பேரங்காடி காட் பில்லை எத்தனை வழியில் கட்டலாம்? எது நல்ல வழி?

ப: வழிக்குப் பஞ்சமே இல்லை. முதலில் ஜோம்பே. 2015-ல் வந்த ஏற்பாடு இது. பில்லில் இருக்கும் பில்லர் கோடையும் ரெஃப்-1 எண்ணையும் உங்கள் பேங்கு ஆப்பில் தட்டினால் வேலை முடிந்தது. அடுத்தது, காட் கம்பெனியின் சொந்த ஆப்புக்குள் போய் எஃப்.பி.எக்ஸ் என்ற ஆன்லைன் வழி மூலம் பேங்குக் கணக்கிலிருந்து கட்டுவது. மறதிக்காரர்களுக்கு ஆட்டோ டெபிட். நோட்டை எண்ணிக் கையில் கொடுத்தால்தான் கட்டியதுபோல் இருக்கும் என்பவர்களுக்குக் கவுண்டர். செக் எழுதுகிறவர் இன்னும் எங்காவது இருந்தால் அதுவும் உண்டு. ஆனால் 2015 முதல் செக்குக்கு 50 காசு கட்டணம். உங்கள் கம்பெனி இவற்றில் எதையெல்லாம் ஏற்கும் என்பது பில்லிலேயே பொடி எழுத்தில் இருக்கும். நல்ல வழி எது என்றால், கடைசித் தேதிக்கு முன் முழுத் தொகையும் போய்ச் சேருகிற எந்த வழியும் நல்ல வழிதான்.

ஓய்வுபெற்ற பால்மரத் தொழிலாளி, செம்மோர்
கே: மகன் “ஜஸ்கோ காட்” என்கிறான். அரிசி பருப்பு விற்கிற கடை எப்படிக் கடன் கொடுக்கும்? அது என்ன பேங்கா?

ப: இன்னும் ஜஸ்கோ என்கிறார் என்றால் உங்கள் மகனுக்கும் வயதாகிவிட்டது ஐயா. பெயர்ப்பலகை ஏயோன் என்று மாறிப் பல வருடமாயிற்று. ஜப்பான்காரர்கள் 1984-ல் ஜெயா ஜஸ்கோ என்று இங்கே கடை போட்டார்கள். கடன் கொடுப்பது தனிக் கம்பெனி. ஏயோன் கிரெடிட் 1996-ல் பதிவாகி, 2007-ல் பங்குச் சந்தைக்கு வந்தது. அது பேங்கு இல்லை. ஆனால் கிரெடிட் காட் விஷயத்தில் மத்திய வங்கியான பேங்க் நெகாரா போட்ட விதிக்குள்தான் நடக்க வேண்டும். 2024-ல் அதே குழுமம் ஏயோன் பேங்க் என்ற இஸ்லாமிய டிஜிட்டல் பேங்கையும் திறந்துவிட்டது. இனி கிந்தா சிட்டி ஏயோனுக்கு மீன் வாங்கப் போகிறவர், கடைக்குப் போனாரா பேங்குக்குப் போனாரா என்பதை மாதக் கடைசியில் பில்லைப் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

முன்னாள் தோட்டவாசி, சுங்கை சிப்புட்
கே: தோட்டத்தில் இருந்தபோது கடைக்காரர் 555 நோட்டில் எழுதிக்கொண்டு சாமான் கொடுப்பார். சம்பளத்தன்று கட்டுவோம். அதற்கும் இந்தக் காட்டுக்கும் என்ன வித்தியாசம்?

ப: அம்மா, 555 நோட்டில் வட்டி என்று ஒரு பத்தி இருந்ததே இல்லை, அது மீன் டின் விலைக்குள் ஒளிந்திருந்தது. காட்டில் விலை ஊருக்கெல்லாம் ஒன்று. வட்டி மட்டும் பில்லின் அடியில் தனியாகக் காத்திருக்கும். இன்னொரு வித்தியாசம், நோட்டுக்காரருக்கு உங்கள் சம்பள நாள் தெரியும். பணம் கையில் வந்த கொஞ்ச நேரத்தில் அவரும் வந்துவிடுவார். அன்றைக்குக் கட்டிய பிறகு மிஞ்சியதுதான் உங்கள் பணம். காட் கம்பெனி வாசலுக்கு வராது. தேதியை மட்டும் அனுப்பிவிட்டு நீங்கள் மறப்பீர்களா என்று பார்த்துக்கொண்டிருக்கும்.

தொழிலாளி தன் சம்பளத்தை எந்தக் கடையில், எப்படிச் செலவழிக்க வேண்டும் என்று முதலாளி நிபந்தனை போடக் கூடாது என 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டம் சொன்னது. இன்று அந்த நிபந்தனையை யாரும் போடுவதில்லை. “இந்தக் கடையில் தேய்த்தால் இரட்டைப் பாயிண்ட்” என்கிறார்கள்; நாமே போய்விடுகிறோம்.

தவணைக்கும் நமக்கும் பழைய உறவுதான். சிங்கர் கம்பெனி 1850-களிலேயே அமெரிக்காவில் தையல் மெஷினைத் தவணைக்கு விற்கத் தொடங்கியது. அந்த மெஷின் தைத்தாவது கொடுத்தது. இப்போது தவணையில் வாங்குகிற டிவி நம்மை உட்கார வைத்துவிடுகிறது.

பள்ளி ஆசிரியை, பத்து காஜா
கே: பில்லிலேயே “குறைந்தபட்சத் தொகை” என்று போட்டிருக்கிறார்களே. அதைக் கட்டினால் போதாதா?

ப: டீச்சர், குறைந்தபட்ச மார்க் எடுத்தாலும் பாஸ்தான், உங்கள் மாணவனிடம் அதைச் சொல்வீர்களா?

கணக்கைப் பாருங்கள். பாக்கி 2,000 வெள்ளி. வட்டி ஆண்டுக்கு 18%, அதாவது மாதம் 1.5%. குறைந்தபட்சத் தொகை பாக்கியில் 5% அல்லது 50 வெள்ளி, இரண்டில் எது அதிகமோ அது. முதல் மாதம் சுமார் 100 வெள்ளி கட்டுகிறீர்கள். அதில் 30 வெள்ளி வட்டிக்கே போய்விடும். அசலில் 70 வெள்ளி குறையும். புதிதாக ஒரு காசுக்கும் சாமான் வாங்காமல் இப்படியே கட்டினால், கடன் தீர மூன்றரை ஆண்டுக்கு மேல் ஆகும். வட்டி மட்டும் 600 வெள்ளியைத் தாண்டும். 2,000 வெள்ளிக்கு வாங்கிய ஃபிரிஜ், அதற்குள் ஒருமுறை ரிப்பேருக்கும் போய் வந்திருக்கும்.

இன்னொன்று: வட்டியில்லாத நாட்கள் என்ற சலுகை, பில்லை முழுதாகக் கட்டுகிறவருக்குத்தான். கொஞ்சம் பாக்கி வைத்தாலும் அந்தச் சலுகை கைவிட்டுப் போகும்.

லாரி ஓட்டுநர், தாப்பா
கே: எல்லோருக்கும் 18% தானா?

ப: இல்லை அண்ணே. நாள் தவறாதவருக்குத் தள்ளுபடி உண்டு. தொடர்ந்து 12 மாதம் குறைந்தபட்சத் தொகையையாவது தேதிக்குள் கட்டியவருக்கு 15%க்கு மேல் போகக் கூடாது. 12-ல் 10 மாதமாவது கட்டியவருக்கு 17%. மற்றவருக்கு 18%. உங்கள் ஓட்டுநர் லைசென்ஸில் சம்மன் இல்லாததற்கு யாரும் பரிசு தருவதில்லை. இங்கே தருகிறார்கள், வாங்கிக்கொள்ளுங்கள்.

கடைச் சிப்பந்தி, கம்பார்
கே: கடைசி நாள் ஞாயிற்றுக்கிழமை. திங்கட்கிழமை கட்டினேன். 10 வெள்ளி அபராதம் போட்டுவிட்டார்கள். நியாயமா?

ப: நியாயத்தைக் கேட்டால் எனக்கும் கோபம் வருகிறது, விதியைக் கேட்டால் பெரும்பாலும் அவர்கள் பக்கம். தாமதக் கட்டணம் பாக்கியில் 1%. குறைந்தது 10 வெள்ளி, அதிகம் போனால் 100 வெள்ளி. நீங்கள் அனுப்பிய நாள் வேறு, அவர்கள் கணக்கில் விழுகிற நாள் வேறு. சில வழிகளில் இன்று மாலை கட்டியது அடுத்த வேலை நாளில்தான் போய்ச் சேரும். இடையில் பொது விடுமுறை வந்தால் இன்னும் இழுக்கும். கடைசித் தேதிக்கு மூன்று வேலை நாள் முன்பே கட்டுங்கள். முதல் தடவை என்றால் போன் போட்டு, அந்த 10 வெள்ளியைத் தள்ளிவிடச் சொல்லிக் கேட்டும் பாருங்கள். கேட்பதற்குக் கட்டணம் இல்லை.

பாட்டி, கோப்பெங்
கே: எனக்கு ஆப் எல்லாம் வராது. பக்கத்து வீட்டுப் பையனிடம் காசைக் கொடுத்துக் கட்டச் சொல்லலாமா?

ப: தாராளமாகச் சொல்லலாம் பாட்டி. ஜோம்பேயில் அவன் கணக்கிலிருந்தே உங்கள் பில்லைக் கட்ட முடியும். அவனுக்குத் தேவையானது பில்லில் உள்ள எண்கள்தான். காட்டையும் அதன் பின்பக்கத்து மூன்று எண்ணையும் பின் நம்பரையும் கொடுக்க வேண்டியதில்லை. கேட்டால் காசையும் திரும்ப வாங்கிக்கொள்ளுங்கள். கட்டியதும் ரசீதைக் காட்டச் சொல்லுங்கள், அன்றைக்கே. பேரனே கட்டினாலும் ரசீது கேட்பதில் தப்பில்லை.

பேரன், கோப்பெங்
கே: பாட்டி காசாகத் தருகிறார். மாமாவோ, பில் பணத்தைச் சிரம்பானிலிருந்து எனக்கு அனுப்புகிறேன் என்கிறார். அனுப்பினால் கட்டணம் பிடிப்பார்களா?

ப: 5,000 வெள்ளி வரை உடனடியாக மாற்றுவதற்கு இருந்த 50 காசு கட்டணத்தை 2018 ஜூலையிலிருந்து பேங்குகள் எடுத்துவிட்டன. மாமா அனுப்பலாம். “கட்டணம் போகுமே” என்று அவர் இழுத்தால், காரணம் அந்த 50 காசு இல்லை.

கணக்காளர், ஈப்போ கார்டன்
கே: ஆட்டோ டெபிட் போட்டுவிட்டேன். இனிக் கவலை இல்லைதானே?

ப: எதைப் பிடிக்கச் சொல்லிப் போட்டீர்கள்? முழுத் தொகையா, குறைந்தபட்சமா? அந்தப் பாரத்தில் ஒரு சின்னக் கட்டம் இருக்கும். கணக்காளர்களும் அவசரத்தில் தப்பான கட்டத்தில் டிக் போடுவது உண்டு. அந்தத் தேதியில் பேங்கில் பணம் இருக்கிறதா என்பதையும் பாருங்கள். பணமில்லாத கணக்கிலிருந்து எந்த மெஷினும் பிடிக்காது. தாமதக் கட்டணம் மட்டும் தவறாமல் வந்துவிடும்.

புது மாப்பிள்ளை, தெலுக் இந்தான்
கே: மனைவிக்குத் துணை காட் எடுத்துக் கொடுத்தேன். அவர் வாங்கியதை யார் கட்ட வேண்டும்?

ப: முதன்மைக் காட் யார் பெயரில் இருக்கிறதோ அவர். அதாவது நீங்கள். போதாததற்கு, 2018 செப்டம்பர் முதல் ஒவ்வொரு காட்டுக்கும், துணை காட்டையும் சேர்த்து, வருடத்துக்கு 25 வெள்ளி சேவை வரி. இரண்டு காட் என்றால் 50 வெள்ளி. அன்பைக் காட்ட வேறு வழிகளும் இருக்கின்றன. மாதாமாதம் பில்லை இருவரும் சேர்ந்து உட்கார்ந்து படிப்பது அதில் ஒன்று.

தொழிற்சாலை ஊழியர், சிலிம் ரீவர்
கே: சம்பளம் 2,500 வெள்ளி. இரண்டு காட் இருக்கிறது. மூன்றாவது வாங்கி, அதைத் தேய்த்து முதல் இரண்டையும் கட்டலாம் என்று ஒரு யோசனை.

ப: உங்கள் யோசனையை பேங்க் நெகாரா உங்களுக்கு முன்பே யோசித்துத் தடுத்துவிட்டது. வருட வருமானம் 36,000 வெள்ளியோ அதற்குக் குறைவோ என்றால் இரண்டு நிறுவனங்களிடம் மட்டுமே காட் வைத்திருக்கலாம். ஒவ்வொன்றிலும் கடன் வரம்பு மாதச் சம்பளத்தின் இரண்டு மடங்கைத் தாண்டக் கூடாது. உங்கள் வருமானம் 30,000. மூன்றாவது கதவு திறக்காது.

பாக்கியைக் குறைந்த வட்டிக்கு வேறு காட்டுக்கு மாற்றும் திட்டம் உண்டு. மாற்றிய கையோடு பழைய காட்டைத் தேய்க்காதவருக்கு அது உதவும். மற்றவருக்கு ஒரு கடன் இரண்டாகும்.

கல்லூரி மாணவி, தஞ்சோங் மாலிம்
கே: காட் வேண்டாம், “இப்போது வாங்கு, பிறகு கட்டு” மேல் என்கிறார்களே தோழிகள்?

ப: மூன்று தவணையில் ஒரு சட்டை வாங்கினால் சட்டை வெளுப்பதற்குள் கடன் தீரும், சரி. ஆறு ஆப்பில் ஆறு சட்டை வாங்கினால் எந்தத் தேதியில் எதற்குக் கட்டுகிறோம் என்றே தெரியாது. இந்த வியாபாரத்தையும் சட்டத்துக்குள் கொண்டுவரத்தான் 2025-ல் பயனீட்டாளர் கடன் சட்ட மசோதாவை நாடாளுமன்றத்தில் நிறைவேற்றினார்கள். சட்டமே கவலைப்படுகிறது என்றால் நீங்களும் கொஞ்சம் படலாம்.

கூட்டுப் பிடிக்கிறவர், சித்தியவான்
கே: அடுத்த மாதம் கூட்டு விழும். அதை வைத்து காட் பில்லைக் கட்டிவிடலாமா?

ப: கூட்டுச் சீட்டு நடத்துவதை 1971-லேயே சட்டம் போட்டுத் தடுத்துவிட்டார்கள். பணத்தோடு யாராவது ஓடிப்போனால் போலீசில் புகார் கொடுக்கும்போது உங்கள் கதையையும் சேர்த்துச் சொல்ல வேண்டிவரும். காட் கம்பெனி மட்டும் எங்கும் ஓடாது.

இல்லத்தரசி, தைப்பிங்
கே: “உங்கள் காட் முடக்கப்பட்டது, இந்த லிங்கில் போய் பில்லைக் கட்டுங்கள்” என்று எஸ்.எம்.எஸ் வந்தது.

ப: தொடாதீர்கள். கட்டுவதற்கு இத்தனை வழி சொன்னேனே, யாரோ அனுப்பிய லிங்க் அதில் ஒன்றுகூட இல்லை. சந்தேகம் இருந்தால் காட்டின் பின்பக்கத்தில் இருக்கும் எண்ணுக்கு நீங்களே அழையுங்கள். ஏற்கெனவே தட்டிப் பணம் போயிருந்தால் ஒரு நிமிடமும் யோசிக்காமல் 997-க்கு அழையுங்கள்; மோசடிக்கென்றே 2022-ல் திறந்த மையம் அது. அக்கம்பக்கத்தில் சொல்லி அழுவதை அதற்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம்.

பெயர் வேண்டாம், ஈப்போ
கே: மூன்று மாதமாகக் கட்டவில்லை. போன் வந்தாலே வயிற்றைக் கலக்குகிறது. விளக்குக் கம்பத்தில் “உடனடிக் கடன்” என்று ஒட்டியிருக்கிற எண்ணுக்குப் போன் போடலாமா?

ப: வேண்டாம். இந்தப் பதிலில் விளையாட்டு இல்லை. உரிமமில்லாத வட்டிக்காரரான ஆலோங்கிடம் வாங்கிக் காட் கம்பெனிக்குக் கட்டினால், போன் செய்கிறவர் போய் வாசலில் சிவப்புச் சாயம் ஊற்றுகிறவர் வருவார்.

2006-ல் பேங்க் நெகாரா அமைத்த ஏ.கே.பி.கே. என்ற கடன் ஆலோசனை நிறுவனம் இருக்கிறது. ஆலோசனைக்கு ஒரு காசும் வாங்க மாட்டார்கள். உங்கள் வருமானம், செலவு, எல்லாக் கடன்களையும் உட்கார்ந்து பார்த்து, உங்களால் முடிகிற தவணையைப் போட்டு, கடன் கொடுத்தவர்களிடம் அவர்களே பேசுவார்கள். சம்பளச் சீட்டு, எல்லா பில்லும், பிரிக்காத கடிதங்கள் உட்பட, எடுத்துக்கொண்டு போங்கள். “கடனை அடைத்துத் தருகிறோம், முதலில் முன்பணம் கட்டுங்கள்” என்று யாராவது வந்தால் அவர் ஏ.கே.பி.கே. இல்லை.

பயந்து போனை அணைத்து வைக்காதீர்கள். கட்ட முடியவில்லை என்று முன்கூட்டியே சொல்கிறவருக்குத் தவணை மாற்றிக் கொடுக்க வழி உண்டு. ஒளிந்துகொண்டவருக்கு வக்கீல் கடிதம்தான் வரும்.

கோபக்காரர், கோலகங்சார்
கே: எல்லாம் போதும். காட்டை வெட்டிக் குப்பையில் போட்டுவிட்டேன். கடன் முடிந்ததா?

ப: வெட்டியது பிளாஸ்டிக்கை மட்டும்தான். கணக்கு உயிரோடு இருக்கிறது. வட்டியும் வரியும் வழக்கம்போல் ஓடும். பாக்கி முழுதையும் கட்டி, காட்டை ரத்து செய்யச் சொல்லி, கணக்கு முடிந்தது என்று கடிதம் வாங்கிப் பத்திரமாக வையுங்கள். காட் எண் இருக்கும் துண்டுகளைக் குப்பையிலிருந்து பொறுக்கி எடுங்கள், ரத்து செய்யப் போன் போடும்போது கேட்பார்கள்.