துரைக்கு வந்த சோதனை

1941-இல் கிள்ளான் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது வைத்த கோரிக்கைகளில் ஒன்று, துரை எதிரே வந்தால் சைக்கிளை விட்டு இறங்க மாட்டோம் என்பது. இந்த அடாத ஆசைக்காக ராணுவம் வந்தது, ஆட்கள் செத்தார்கள், தலைவர் ஆர். எச். நாதனை நாடு கடத்தினார்கள். 23 வருஷம் கழித்து, வேலையை விட்டுத் துரத்தப்பட்ட ஒரு எஸ்டேட் ஊழியன் முதலாளி வீட்டு வாசலிலேயே கூடாரம் அடித்தான். அவரைப் பேர் சொல்லிக் கூப்பிட்டுப் பாட்டும் பாடினான். கடைசியில் மகளையும் கட்டிக்கொண்டான். படம் 'காதலிக்க நேரமில்லை'. ஊழியன் ரவிச்சந்திரன், சாட்சாத் கோலாலம்பூர்ப் பையன். முதலாளி டி. எஸ். பாலையா. எஃபிங்ஹாம் ரப்பர் தோட்டத்தை அழித்து எழுந்த பெட்டாலிங் ஜெயாவில் உட்கார்ந்து பார்க்கிற எங்களுக்கு, இதைவிடத் திருப்தியான கணக்குத் தீர்ப்பு கிடையாது.

பாலையாவுக்கு இப்படி மாட்டிக்கொள்வதே பிழைப்பு. தூத்துக்குடிப் பக்கம் சுண்டங்கோட்டையில் 1914-இல் பிறந்தவர். 1936-இல் 'சதி லீலாவதி'யில் திரைக்கு வந்தபோதே முழு வில்லன். எடுத்தவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற, தமிழ் தெரியாத அமெரிக்கர். அதே படத்தில் ஓரமாகத் தலைகாட்டிய துக்கடா இன்ஸ்பெக்டரின் பெயர் எம்.ஜி.ஆர். சீனியாரிட்டி என்று ஒன்று உலகத்தில் இருந்திருந்தால் கோட்டையில் உட்கார வேண்டியவர் பாலையாதான். 1956-இல் 'மதுரை வீரன்' வந்தது. இன்ஸ்பெக்டர் கதாநாயகனாகியிருந்தார், இவர் அப்போதும் வில்லன். கிராணி வேலையில்கூட இருபது வருஷத்தில் ஒரு இன்கிரிமென்ட் போடுவார்கள்.

ஆனால் கதை கதாநாயகனுடையது என்பதை இந்த மனிதர் ஒருநாளும் மனதார ஒப்புக்கொண்டதாகத் தெரியவில்லை. 'காதலிக்க நேரமில்லை'யில் பெற்ற பிள்ளை நாகேஷ் தான் எடுக்கப்போகிற பேய்ப்படத்தின் கதையைச் சொல்கிறார். வசனமெல்லாம் பிள்ளைக்கு. அப்பாவுக்குக் கேட்கிற வேலை மட்டும். கண் பிதுங்குகிறது, உடம்பு ஒடுங்குகிறது, ஒரு எஸ்டேட்டையே ஆள்கிற மனுஷன் பட்டப்பகலில் சொந்த வீட்டு நாற்காலியில் கிலியடித்துப் போகிறார். அறுபது வருஷமாக நாம் சிரிப்பது பேசுகிறவரைப் பார்த்தா, கேட்கிறவரைப் பார்த்தா? என் ஓட்டு கேட்கிறவருக்கு.

அடுத்த வருஷம் 'திருவிளையாட'லில் ஹேமநாத பாகவதர். குரல் பாலமுரளிகிருஷ்ணாவிடம் இரவல், திமிர் மட்டும் சொந்தச் சரக்கு. பாண்டிய நாட்டையே பாட்டில் அடமானம் கேட்டு வந்தவர், ஒரு விறகுவெட்டி திண்ணையில் பாடியதைக் கேட்டதும் ராத்திரியோடு ராத்திரியாக ஊரைக் காலி செய்கிறார். எதிரி சிவபெருமானே என்பதால் இந்தத் தோல்வியை மன்னிக்கலாம். 1968-இல் 'தில்லானா மோகனாம்பா'ளில் தவில்காரர் முத்துராக்கு. சிவாஜிக்குப் பக்கவாத்தியமாக வந்து பாதிக் கச்சேரியைத் தூக்கிக்கொண்டு போனார்.

1972-இல் பாலையா காலமானார். மகன் ரகு 'ஜூனியர் பாலையா' என்ற பெயரில் நடிக்க வந்தார். 'சாட்டை'யில் தலைமையாசிரியராகக்கூட உயர்ந்துபார்த்தார். 2023-இல், எழுபது வயதில் போய்ச் சேரும்வரை அவர் ஜூனியர்தான்.