துடைப்பக்கட்டைப் பட்டாளம்

முதல் உலகப்போர் தொடங்கிய 1914 ஆகஸ்டில் பிரிட்டனின் போர் அமைச்சரான கிட்சனர் பிரபு, பட்டாளத்துக்கு ஒரு லட்சம் பேர் வேண்டும் என்று கேட்டார். கேட்ட நேரம் அப்படி. செப்டம்பர் முடிவதற்குள் ஏழு லட்சத்துக்கும் மேல் வந்து நின்றார்கள். செப்டம்பர் 3 அன்று மட்டும் 33,000 பேர். நூறு பேருக்குச் சமைத்த கல்யாண வீட்டில் எழுநூறு பேர் பந்திக்கு உட்கார்ந்தால் பெண்ணைப் பெற்றவர் எப்படி முழிப்பார்? போர் அலுவலகம் அப்படி முழித்தது.

காக்கித் துணி போதவில்லை. தபால் இலாகா கிடங்கில் நீலத் துணி இருந்தது. அதை எடுத்து மாட்டிவிட்டார்கள். ஜெர்மன் சக்கரவர்த்தி கைசரை நடுங்கவைக்கக் கிளம்பிய வீரர்கள் மணியார்டர் கொண்டுவந்தவர்களைப் போல அணிவகுத்துப் போனார்கள். வழியில் எந்தக் கிழவியாவது “எனக்குக் கடுதாசி இருக்கா?” என்று கேட்டிருந்தால் அவளைக் குறை சொல்ல முடியாது.

துப்பாக்கியும் கிடையாது. மரத்தில் செதுக்கிய பொம்மைத் துப்பாக்கி கிடைத்தவன் பாக்கியசாலி, மற்றவனுக்குத் துடைப்பக்கட்டை. அதைத் தோளில் சாய்த்து இடது வலது போட்டு, குறிபார்த்து, எதிரியைக் குத்தியும் பழகினார்கள். துடைப்பத்தை ஓங்கினால் கடன்காரன்கூட ஓடிவிடுவான், வாஸ்தவம்தான். ஜெர்மன்காரன் ஓடுவானா?

சரி, பழக்கிவிட ஆள்? விஷயம் தெரிந்தவர்களில் பெரும்பாலோர் அதற்குள் பிரான்சுக்குக் கப்பலேறிவிட்டார்கள். ஓய்வுபெற்று ரோஜாச் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்த கிழ அதிகாரிகளைத் திரும்பக் கூப்பிட்டார்கள். ‘தோண்டி எடுத்தவர்கள்’ என்று அவர்களுக்குப் பட்டப்பெயர். பாதிப் பேர் தென்னாப்பிரிக்காவில் முன்பு நடந்த போயர் போர்க் காலத்து வித்தையைத்தான் சொல்லிக்கொடுத்தார்கள். லீவில் ஊருக்கு வந்திருந்த இந்திய ராணுவ அதிகாரிகள் சுமார் 500 பேரையும் கிட்சனர் திருப்பி அனுப்பாமல் பிடித்துவைத்துக்கொண்டார். அவர்கள் ஓய்வெடுக்க வந்தவர்கள், பாவம்.

கூட்டம் அடங்க ஒரு யோசனை செய்தார்கள். செப்டம்பர் 11 அன்று, 5 அடி 3 அங்குலமாக இருந்த குறைந்தபட்ச உயரத்தை 5 அடி 6 அங்குலமாக ஏற்றினார்கள். நேற்றுவரை வீரனாக இருக்கத் தகுதிபெற்றவன் விடிந்ததும் குள்ளனாகிவிட்டான்! சில வாரத்தில் ஆள் வரத்து வற்றியது. பழையபடி அங்குலத்தை இறக்கினார்கள்.

பழைய அளவுக்கே எட்டாதவர்களும் விட்டபாடில்லை. டர்ஹாம் பக்கத்துச் சுரங்கத் தொழிலாளி ஒருவர் ஒவ்வொரு ஆள்சேர்ப்பு அலுவலகமாக ஏறி இறங்கி, பிர்க்கன்ஹெட்டிலும் உயரம் போதாது என்றதும், அங்கிருந்த எவனோடு வேண்டுமானாலும் சண்டைக்குத் தயார் என்று சட்டையைக் கழற்றினாராம். பிர்க்கன்ஹெட் எம்.பி. ஆல்ஃபிரட் பிக்லாண்ட் காதுக்குச் செய்தி போனது. அதே 1914-லேயே 5 அடி முதல் 5 அடி 3 அங்குலம் வரை உள்ளவர்களுக்கென்றே ‘பேண்டம்’ என்ற சண்டைக்கோழிப் படை பிறந்தது. அன்றைக்கு அந்தச் சுரங்கக்காரரை வெளியே தூக்கிப்போட ஆறு பேர் தேவைப்பட்டார்களாம். ஆறு பேரும் உயரப் பரிசோதனையில் தேறியவர்களாகத்தான் இருந்திருப்பார்கள்.