கோபர்நிகஸைக் கொளுத்தியது நான்தான்

கோபர்நிகஸைத் திருச்சபை கொளுத்தவில்லை. கொளுத்தியது நான். எங்கள் ஊர் நூலக வாசகர் வட்டத்தில் ‘அறிவியலும் மதமும்’ என்று பேசச் சொன்னார்கள். மைக்கை வாயருகே இழுத்து, குரலைக் கொஞ்சம் தழுதழுக்க வைத்து, அந்த மனிதரைக் கம்பத்தில் கட்டித் தீ வைத்துவிட்டேன். நல்ல கைதட்டல். திரும்பி வரும்போது ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்திருந்த மாமனார் (ஓய்வுபெற்ற சரித்திர வாத்தியார்) வேகத்தடை வந்ததும் சொன்னார்: “மாப்ளே, அந்த மனுஷன் படுக்கையிலதான் செத்தாரு. எழுபது வயசு.”

வீட்டுக்கு வந்து புரட்டினால் நிலைமை இன்னும் மோசம். கோபர்நிகஸ் திருச்சபைக்கு எதிரியே இல்லை. அதன் வருமானத்தில் வாழ்ந்தவர். ஃப்ரோம்போர்க் பேராலயத்தில் ‘கேனன்’ என்ற பொறுப்பில் இருந்தார். பூமிதான் சூரியனைச் சுற்றுகிறது என்று சொல்லி 1543இல் வெளிவந்த தன் புத்தகத்தைப் போப் மூன்றாம் பவுலுக்குக் காணிக்கையாக்கியிருக்கிறார். அச்சுக்குக் கொடுங்கள் என்று நச்சரித்தவர்களில் ஒரு கார்டினலும் ஒரு பிஷப்பும் உண்டு. ரோம் அந்தப் புத்தகத்தின்மேல் கை வைத்தது 1616இல், ஆசிரியர் செத்து 73 வருடம் கழித்து. அதுவும் ‘திருத்தும்வரை நிறுத்தி வை’ என்ற உத்தரவுதான்.

புத்தகத்தில் விஷமம் செய்தவர் வேறொருவர். அச்சு வேலையைப் பார்த்துக்கொண்ட ஒசியாண்டர் என்ற லூத்தரன் போதகர், பெயர் போடாமல் ஒரு முன்னுரை எழுதி முன்னால் சொருகிவிட்டார். பூமி நகர்வதெல்லாம் கணக்குக்கு வசதியான ஏற்பாடு, நிஜம் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டியதில்லை என்பது அதன் சாரம். வானத்துக் கணக்கு உண்மையைச் சொல்கிறதா, கண்ணுக்குத் தெரிவதோடு ஒத்துப்போனால் போதுமா என்பது கிரேக்கர் காலத்துத் தத்துவச் சண்டை. அது நைசாக இங்கே வந்து உட்கார்ந்துகொண்டது. பலர் அந்த முன்னுரையைக் கோபர்நிகஸே எழுதியதாக நினைத்துப் படித்தார்கள். முன்னுரைகளைத் தாண்டிப் போகும் பழக்கம் உள்ள நான் குறைந்தபட்சம் அந்தத் தப்பைச் செய்திருக்க மாட்டேன்.

சரி, ஆளை மாற்றுவோம் என்று அடுத்த கூட்டத்தில் புரூனோவைக் கொளுத்தினேன். இது நிஜமாகவே நடந்தது: 1600 பிப்ரவரி 17, ரோமின் காம்போ தே ஃபியோரி சதுக்கம். மாமனாரை ஒரு பார்வை பார்த்தேன். அன்று ஸ்கூட்டரில் அவர் ஒன்றும் சொல்லவில்லை, அதுதான் பயமாக இருந்தது. காபி குடிக்கும்போது கேட்டார்: “அவரு எந்த தூரதர்சினில பாத்தாரு மாப்ளே?” தூரதர்சினியை வானத்தில் திருப்பிய கலிலியோவின் 1609க்கு ஒன்பது வருடம் முன்பே புரூனோ சாம்பலாகிவிட்டார். அவர் வானியலாளரே அல்ல. துறவுச் சபையை விட்டு வெளியேறி ஊர் ஊராக அலைந்த தத்துவவாதி. எண்ணற்ற உலகங்கள் உண்டு என்றது குற்றச்சாட்டுகளில் ஒன்றுதான். திரித்துவத்தையும் கிறிஸ்துவின் தெய்வத்தன்மையையும் பற்றி அவர் பேசியவையும் கூடவே இருந்தன. முழு விசாரணை ஆவணம் தொலைந்துபோய், மிஞ்சிய சுருக்கம் ஒன்று 1942இல்தான் அச்சேறியது. அந்தச் சுருக்கத்தையும் சுருக்கி நான் மேடையில் ஒரே வரியாக்கியிருந்தேன்.

கலிலியோவிடமாவது தப்பிக்கலாம் என்று பார்த்தேன். அவரைப் பாதாளச் சிறையில் தள்ளி, எலியெல்லாம் ஓடவிட்டு, மண்டியிட்டு எழும்போது ‘ஆனாலும் அது சுற்றுகிறது’ என்று முணுமுணுக்க வைத்தேன். முணுமுணுப்பு என்று பெயர். நான் அதைக் கத்திச் சொல்லி, காலால் மேடையை வேறு உதைத்தேன், பலகை ஒன்று கழன்றது. அந்த வசனம் அவர் இறந்து நூறு வருடத்துக்குப் பிறகுதான் அச்சில் தலைகாட்டுகிறது. எலியும் கிடையாது. விசாரணை நடந்தபோது டஸ்கனி தூதரின் மாளிகையிலும், விசாரணை மன்றத்தின் அறைகளிலும் இருந்தார். தீர்ப்புக்குப் பின் சியெனா பேராயரின் விருந்தாளி. அப்புறம் ஆர்செட்ரியில் தன் வீட்டிலேயே காவல். பூமி நகர்வதற்குப் பெரிய ஆதாரம் என்று அவர் நம்பிய கடல் ஓத விளக்கம் தவறு. பூமி நகர்ந்தால் நட்சத்திரங்கள் இடம் மாறித் தெரிய வேண்டுமே என்ற எதிர்க்கேள்விக்கு அளந்து விடை சொன்னவர் பெஸ்ஸல், 1838இல்.

அறிவியலுக்கும் மதத்துக்கும் ஓயாத போர் என்ற இந்தக் கதை எனக்கு எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனால், அதைப் புத்தகமாக எழுதிய இரண்டு அமெரிக்கர்கள் நிற்கிறார்கள். 1874இல் டிரேப்பர், 1896இல் கார்னெல் பல்கலைக்கழகத்தின் முதல் தலைவர் ஒயிட். மதப்பிரிவு எதையும் சாராத கல்லூரி நடத்தியதற்காக ஒயிட் வாங்கிக் கட்டிக்கொண்டது நிறைய. அந்தக் கோபத்துக்கு அவரிடம் காரணம் இருந்தது. என்னிடம் மைக் இருந்தது.

அசடு வழிந்தவன் சும்மா இருந்திருக்கலாம். ஒரேயடியாக மறுகரைக்குத் தாவினேன். திருச்சபைதான் அறிவியலுக்குப் பால் வார்த்த தாய் என்று வீட்டுச் சாப்பாட்டு மேசையிலேயே உபன்யாசம். பொலோன்யா நகரத்து சான் பெத்ரோனியோ ஆலயத்தைப் பாருங்கள் என்றேன். 1655இல் காசினி அங்கே கூரையில் ஒரு துளை போட்டு, தரையில் நீளமாக ஒரு கோடு பதித்தார். நண்பகலில் சூரியனின் வட்டம் அந்தக் கோட்டின்மேல் வந்து விழும். ஈஸ்டர் தேதியைச் சரியாகக் குறிக்கத்தான் இந்த ஏற்பாடு. அந்த வெளிச்ச வட்டம் கோடையில் எவ்வளவு, குளிர்காலத்தில் எவ்வளவு என்று அளந்து அளந்து, சூரியத் தூரம் பற்றி கெப்ளர் சொன்ன கணக்குக்குச் சாதகமாக முடிவு கண்டார் காசினி. கலிலியோவின் புத்தகம் தடைப்பட்டியலில் கிடந்த காலத்தில், கோவில் தரையிலேயே!

ஒன்பதாம் வகுப்புப் படிக்கும் மகள் ரசத்தை ஊற்றிக்கொண்டே கேட்டாள். “அப்ப அந்தத் தாத்தா எதுக்குப்பா முட்டி போட்டாரு?”

பதில் இல்லை. கலிலியோ என்ற 69 வயது கிழவரை மிரட்டி, மண்டியிட வைத்து, தான் நம்பியதை மறுத்துப் படிக்க வைத்தார்கள். எலி இல்லை, மாளிகைதான் என்பதால் அது சின்ன விஷயமாகிவிடாது. மாமனார் மோரை நகர்த்தி வைத்தார். அவர் முகத்தில் பேத்தியைப் பற்றிய பெருமை வழிந்தது, மருமகனைப் பற்றி எதுவும் இல்லை.

இனி கெப்ளர் மட்டும்தான் என்று தீர்மானித்தேன். எந்தக் கட்சியிலும் அடங்காத ஆள். போதகராவதற்குப் படித்து, நடுவில் கணக்கு வாத்தியாரானவர். கோள்களின் நீள்வட்டப் பாதையைக் கண்டதைக் கடவுளின் திட்டத்தைப் படித்ததாகவே எண்ணினார். ஆனால் அவருடைய சொந்த லூத்தரன் சபை லின்ஸ் நகரில் அவருக்கு நற்கருணை கொடுக்க மறுத்தது, கொள்கை அறிக்கையில் ஒரு விஷயத்தை ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போடாததற்காக. அம்மா கத்தரினாவைச் சூனியக்காரி என்றார்கள். பதினாலு மாதம் சங்கிலியில் கிடந்த அந்தக் கிழவிக்காக மகன் ஊருக்கே போய் வாதாடினார். ஒரு பெண்ணின் கை மரத்துப்போனது சூனியத்தால் அல்ல, செங்கல் சுமந்ததால் என்று ஒவ்வொரு புகாராகப் பிரித்துக் காட்டினார். 1621இல் விடுதலை. அதே கெப்ளர், சோதிடர்களைக் கிண்டலும் செய்துகொண்டு, தளபதி வாலன்ஸ்டைனுக்கு ஜாதகமும் கணித்துக் கொடுத்தார். அரண்மனைச் சம்பளம் பாக்கி விழுந்துகொண்டே இருந்தது.

இந்த இடத்தில் மேடையில் நன்றாகச் சிரித்தேன். ஒரு கையால் விதி எழுதுகிறார், மறு கையால் ஜாதகம் எழுதுகிறார் பாருங்கள் என்று. தலைவர் ‘முடிக்கவும்’ என்று சீட்டு அனுப்பினார்.

இறங்கி வந்ததும் முன்வரிசைப் பெரியவர் ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டார். கேள்வி கேட்கப் போகிறார் என்று நிமிர்ந்தேன்.

“அருமையாப் பேசினீங்க தம்பி. நாளைக்குச் செவ்வாய்க்கிழமை, சாயங்காலம் பொண்ணு பாக்கப் போறோம். ராகு காலம் எப்ப?”

“மூணுலேர்ந்து நாலரை,” என்றேன், அவர் கேட்டு முடிப்பதற்குள். “நாலே முக்காலுக்குக் கெளம்புங்க.”