வாடகைக்கு விடப்பட்ட டேப்லெட்

புது டேப்லெட்டின் உறையைப் பிரிக்கும் முன்பே உள்ளே சிலர் குடியேறியிருப்பார்கள்: மிட்டாய் அடுக்கும் விளையாட்டு, பண்ணை வளர்க்கும் விளையாட்டு, ஒரு சீட்டாட்டம். வாடகை போவது தயாரிப்பாளருக்கு. வீட்டுக்குக் காசு கொடுத்தவர் நாம். பெட்டியில் 32 ஜிபி என்று கொட்டை எழுத்தில் போட்டவர்களுக்கு, நமக்கு மிஞ்சுவது எவ்வளவு என்று அச்சிட மட்டும் இடம் போதவில்லை போலும்.

ஐகானை அழுத்திப் பிடித்து 'நீக்கு' என்றால் சிலது போய்விடும். மானஸ்தர்கள். மற்றவை சிஸ்டம் பகுதியிலேயே சம்மணமிட்டு உட்கார்ந்தவை. அவற்றை முடக்கத்தான் முடியும். முடக்கினால் கண்ணில் படாது, இடத்தையும் காலி செய்யாது. கணினியில் கேபிளை மாட்டி ஏடிபி என்ற ஆண்ட்ராய்டு கருவியின் கட்டளையால் விரட்டலாம் என்பார்கள் விவரம் தெரிந்தவர்கள். விரட்டலாம்தான். ஃபேக்டரி ரீசெட் செய்து பாருங்கள், அத்தனை பேரும் பழைய இடத்தில்!

கணினியும் தப்பவில்லை: 2015இல் விண்டோஸ் 10, மிட்டாய் விளையாட்டான கேண்டி கிரஷ் சாகாவோடுதான் வந்து இறங்கியது. ஐரோப்பிய ஒன்றியத்தின் டிஜிட்டல் சந்தைச் சட்டமோ, பெருநிறுவனங்கள் தங்கள் இயங்குதளங்களில் உள்ள செயலிகளை எளிதாக நீக்க வழிவிட வேண்டும் என்கிறது. 2024 மார்ச் முதல் அவை அதற்குக் கட்டுப்பட்டாக வேண்டும். ஒரு சீட்டாட்டத்தைக் கிளப்ப 27 நாடுகள் கூட வேண்டியிருக்கிறது. கருவி இயங்க அத்தியாவசியமானவற்றுக்கு மட்டும் விலக்கு உண்டாம். மிட்டாய் அதில் சேருமா என்பதைத் தயாரிப்பாளரிடம்தான் கேட்க வேண்டும்.